முதல் கதவில் தொங்கிய புத்தகம்

1

இந்தக் கதை ஒரு முகவரியிலிருந்து பிறந்தது. மற்றவர்களுக்குக் கதை ஒரு முகத்திலிருந்தோ ஒரு சாவிலிருந்தோ பிறக்கும் என்கிறார்கள். எனக்குக் கிடைத்தது ஒரு சத்தியக் கடதாசியின் இரண்டாவது வரி. அந்த வரியை எழுதியவளும் நான், இந்தக் கதையை எழுதுகிறவளும் நான். ஆகவே என்னைக் கொஞ்சம் சந்தேகத்தோடு வாசியுங்கள். ஏன் என்று ஆறாம் பகுதியில் தெரியும்.

பெயர் பஸீஹா. கேகாலை மாவட்டத்தில் நீதிமன்றம் உள்ள ஒரு நகரத்தில் (எது என்று கேட்க வேண்டாம்) சத்தியப் பிரமாணம் செய்த மொழிபெயர்ப்பாளராக இருபத்தொரு வருடம் இருக்கிறேன். நீதிமன்றத்துக்கு எதிரே நுஹ்மான் நானாவின் போட்டோ கொப்பிக் கடையில் எனக்கொரு மேசை, ஒரு முத்திரை, வாடிக்கையாளருக்கு ஒரு பிளாஸ்டிக் கதிரை. பிறப்புச் சான்றிதழ், காணி உறுதி, சத்தியக் கடதாசி எல்லாவற்றையும் தமிழிலிருந்து சிங்களத்துக்கு மாற்றிக் கொடுப்பேன். வேலை இல்லாத பிற்பகல்களில் கதை எழுதுவேன். நானாவுக்கு அது பிடிக்காது.

"ஸ்டாம்ப் அடிக்காத கடதாசிய ஆரு புள்ள நம்புற?" என்பார்.

இந்தக் கதையை முதலில் இப்படித் தொடங்கினேன்:

'விடியற்காலை மழை ரப்பர் இலைகளில் சொட்டிக்கொண்டிருந்தது. ஷாமிளா கத்தியையும் வாளியையும் எடுத்துக்கொண்டு மரங்களுக்கிடையே நடந்தாள். அவள் கண்களில் —'

அன்றைக்கு ஷாமிளாவே ஒரு கையொப்பத்துக்காக வந்திருந்தாள். வாசித்துக் காட்டினேன். மரியாதையாகக் கேட்டுக்கொண்டிருந்துவிட்டுச் சொன்னாள்:

"மிஸ், மழ பேஞ்சா நாங்க பால் வெட்ட மாட்டோங்க. மரம் நனஞ்சிருந்தா பாலு செரட்டைல விழாம பட்டைல வழிஞ்சு போயிரும். அன்னைக்கு மழ இல்ல. பேஞ்சிருந்தா நான் மலைக்கே போயிருக்க மாட்டேன். இந்தக் கேஸும் எனக்கு வந்திருக்காது."

மழையை எடுத்துவிட்டேன். அவள் கண்களில் என்ன இருந்ததாக எழுத நினைத்தேனோ, அது இப்போது ஞாபகமில்லை. அந்த வாக்கியம் அப்படியே கிடக்கட்டும்.

2

மழையில்லாமல் தொடங்குகிறேன்.

ஷாமிளாவுக்கு முப்பத்து மூன்று வயது. தெஹியோவிட்டப் பக்கத்தில் ஒரு ரப்பர் தோட்டத்தில் (இங்கே தோட்டத்தின் பெயர் இருந்தது, அழித்துவிட்டேன்) பால் வெட்டுகிறாள். கணவர் சுமன் கொழும்பில் ஒரு பேக்கரியில் வேலை செய்கிறார், மாதத்துக்கு ஒரு தடவை வருவார். பிள்ளைகள் இல்லை. [இங்கே பிள்ளையில்லாத துயரம் பற்றி ஒரு பந்தி எழுதியிருந்தேன். அவளிடம் கேட்காமல் நானாக எழுதியது. கேட்டபோது, "அதெல்லாம் எங்களுக்குப் பழகிருச்சுங்க, கேஸுக்கும் அதுக்கும் என்ன?" என்றாள். எடுத்துவிட்டேன்.]

ஜனவரியில் ஒரு காலை. ஷாமிளா தன் மரங்களில் பாதியை வெட்டி முடித்திருந்தாள். பத்து மரம் தள்ளி, கஜேந்திரன் கங்காணி அதே தோட்டத்து ஆளான இந்திரகுமாரை நிறுத்தி அவன் தோளிலிருந்த சாக்கைத் திறக்கச் சொன்னார். சாக்கில் ஒட்டுப்பால் இருந்தது, மரத்திலும் சிரட்டையிலும் ஒட்டிக் காய்ந்துபோன ரப்பர். வெளியே விற்கலாம். "இந்தத் தடவ தொரைகிட்ட சொல்லாம விட மாட்டேன்" என்று கங்காணி சொன்னது ஷாமிளாவுக்குக் கேட்டது. பிறகு இந்திரகுமார் கையிலிருந்த இரும்புக் குழாயால் மூன்று தடவை அடித்தான். மூன்றுதானா என்று பல இடங்களில் பலர் அவளைக் கேட்டுவிட்டார்கள். ஒவ்வொரு தடவையும் மூன்று என்றுதான் சொல்லியிருக்கிறாள்.

கங்காணி சாகவில்லை. இடது கண் போய்விட்டது. அதைவிட வழக்குக்குக் கெடுதலாக, அந்தக் காலையும் அவர் ஞாபகத்திலிருந்து போய்விட்டது. விடியற்காலை ஆள் கணக்கெடுக்கும் பிரட்டில் பேர் கொடுத்தது தெரியும், அடுத்தது ஆஸ்பத்திரிக் கட்டில்தான். அடித்தவன் யார் என்று சொல்ல உலகத்தில் மிச்சமிருக்கும் ஒரே ஆள் ஷாமிளா.

ஆறு கிழமையில் இந்திரகுமாருக்குப் பிணை கிடைத்தது. அவன் திரும்பி வந்தது ஆறாம் லயத்துக்கு. ஷாமிளாவும் ஆறாம் லயம். ஒரே கூரை, ஒரே வாசல் வரிசை, எட்டுக் காம்பரா, ஒவ்வொரு அறையும் ஒரு குடும்பத்தின் வீடு. முதலாவதில் அவனும் அவன் தாய் கருப்பாயியும், எட்டாவதில் இவள்.

அவன் ஒரு வார்த்தை பேசவில்லை. மறுநாள் காலை அவள் மரங்களில் முதல் மரத்துச் சிரட்டை கவிழ்ந்திருந்தது. அடுத்த நாள் இரண்டாவது மரத்தினது. அதற்கடுத்த நாள் மூன்றாவது.

"ஒவ்வொண்ணா வாரான் மிஸ்" என்றாள். அதைச் சொல்லும்போது அவள் தன் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

பொலிஸில் முறைப்பாடு எழுதினார்கள். சிரட்டை கவிழ்ந்தது. யார் கவிழ்த்தது? பார்க்கவில்லை. காற்றாக இருக்கலாமா? கையெழுத்துப் போடுங்கள். அதற்குப் பிறகுதான் சட்ட உதவிக்கு வந்திருந்த ஓர் இளம் சட்டத்தரணி, சாட்சிக்குப் பொலிஸ் பாதுகாப்புக் கேட்டு நீதிமன்றத்துக்குப் போகலாம் என்றார். அதற்குச் சத்தியக் கடதாசி வேண்டும், அது சிங்களத்தில் இருக்க வேண்டும். ஷாமிளா சிங்களம் என்னைவிட வேகமாகப் பேசுவாள். எழுதத் தெரியாது. ஆகவே பிளாஸ்டிக் கதிரைக்கு வந்தாள்.

3

"விலாசம் சொல்லுங்க தங்கச்சி."

"ஆறாம் லயங்க மிஸ். கீழ்ப்பிரிவு."

"வீட்டு நம்பர்?"

"நம்பர்லாம் இல்லீங்க. ஆறாம் லயம்னா எல்லாருக்கும் தெரியும்."

நான் எழுதினேன்: இலக்கம் 6, கீழ்ப்பிரிவு, தோட்டத்தின் பெயர், தெஹியோவிட்ட.

(அடிக்குறிப்பாகப் போட நினைத்து, வாசகர்கள் அடிக்குறிப்பைத் தாண்டிப் போவார்கள் என்பதால் நடுவிலேயே போடுகிறேன்: நகரத்தில் இருக்கிறவர்களுக்கு இது புரிவது கஷ்டம். எங்கள் பக்கத்துத் தோட்டங்களில் வீட்டுக்கு முகவரி இல்லை. ஒரு பிரிவில் முந்நூறு பேர் இருந்தால் முந்நூறு அடையாள அட்டையிலும் ஒரே முகவரி. கடிதமெல்லாம் தோட்டக் கந்தோருக்கு, அதாவது அலுவலகத்துக்குப் போகும், அங்கிருந்து பேர் சொல்லிக் கூப்பிட்டுக் கொடுப்பார்கள். ஆறு என்பது லயத்தின் இலக்கம். அதற்குள் எத்தனையாவது கதவு என்று எந்தக் கடதாசியும் கேட்பதில்லை. ஆனால் கேகாலையிலோ கொழும்பிலோ ஒருவர் 'இலக்கம் 6' என்று வாசித்தால் அவர் கண்ணுக்குத் தெரிவது ஒரு வீடு, ஒரு கேட், ஒரு அழைப்பு மணி.)

எழுதிய வரி பார்க்க நன்றாக இருந்தது. முத்திரை அடித்தேன்.

4

நீதவான் மனுவை ஏற்றார். கட்டளை சுருக்கமானது: சாட்சி சொல்லி முடியும்வரை பொலிஸார் நாளாந்தம் மாலையில் மனுதாரரின் வதிவிடமான இலக்கம் 6-க்கு ரோந்து போக வேண்டும், அங்கே ஒரு புத்தகம் வைத்து, வந்த நேரத்தை எழுதிக் கையொப்பமிட வேண்டும். எதிராளி அந்த வதிவிடத்தை நெருங்கக்கூடாது.

ஷாமிளா கடைக்கு வந்து, "நெசமாவே பொலிஸு வருமா மிஸ்?" என்று மூன்று தடவை கேட்டாள். வரும் என்று மூன்று தடவை சொன்னேன். நானா தன் தேத்தண்ணிக்கு வைத்திருந்த தொதல் இனிப்பில் பாதியை ஒரு கடதாசியில் சுற்றி அவள் கையில் கொடுத்தார். அன்றைக்கு நாங்கள் மூன்று பேரும் சந்தோஷமாக இருந்தோம்.

பொலிஸ் வந்தது. சொன்ன நாளில், சொன்ன நேரத்தில், மோட்டார் சைக்கிளில் இரண்டு கான்ஸ்டபிள்கள். ஒருவர் வயதானவர், ஒருவர் இளைஞர். ஆறாம் லயத்தின் தலைச் சுவரில் கறுப்புப் பெயின்டில் பெரிதாக 6 என்று எழுதியிருக்கும். அந்த ஆறுக்குப் பக்கத்தில் இருக்கும் கதவு முதலாம் காம்பராக் கதவு. தட்டினார்கள். கருப்பாயி திறந்தாள்.

"இலக்கம் ஆறு இதுதானே?"

"ஆமாங்க ராளஹாமி, இதுதான் ஆறு."

அவள் பொய் சொல்லவில்லை. புத்தகத்தை பிளாஸ்டிக் உறையில் போட்டு, கதவுக்கு வெளியே இருந்த ஆணியில் மாட்டினார்கள். முதல் கையொப்பத்தை வைத்தார்கள். கருப்பாயி பிளேன்டீ ஊற்றிக் கொடுத்தாள். வீட்டுக்கு வந்தவருக்குத் தேத்தண்ணி கொடுக்காமல் அனுப்பத் தெரியாது அந்த மனுசிக்கு. இந்திரகுமார் உள்ளேயிருந்து அவர்கள் உட்கார வாங்கு ஒன்றைக் கொண்டு வந்து போட்டான்.

ஷாமிளா பீலியில் தண்ணீர் பிடித்துக்கொண்டு வரும்போது அவர்கள் கிளம்பிக்கொண்டிருந்தார்கள். வாளியை வைத்துவிட்டு ஓடிப்போய்ச் சொன்னாள். அவர்கள் பேசியது சிங்களத்தில். நான் மொழிபெயர்க்கிறேன், தொழில் அதுதானே.

"தங்கச்சி, கட்டளையில் இருப்பது இலக்கம் ஆறு" என்றார் வயதான கான்ஸ்டபிள். "சுவரில் இருப்பதும் ஆறு. நானாகப் புத்தகத்தை வேறு இடத்தில் மாட்டினால் நாளைக்குப் பதில் சொல்ல வேண்டியது நான். நீதிமன்றத்தில் சொல்லி மாற்றிக்கொண்டு வாருங்கள், அன்றைக்கே மாற்றிவிடுகிறேன்."

"அவன்தான் சார் அடிச்சவன். இது அவன் வீடு."

அவர் கட்டளையை மடித்துப் பையில் வைத்தார். "அது எனக்குத் தெரியும்" என்றார். "ஆனால் இதில் இல்லையே."

மறுநாள் பதினேழாவது மரத்துச் சிரட்டை கவிழ்ந்திருந்தது.

5

இந்த இடத்தில் எனக்கு என் பாத்திரங்கள் மேல் சந்தேகம் வந்தது.

முதலில் அந்தக் கான்ஸ்டபிள். அவரைக் கெட்டவராக எழுதினால் கதை சுலபமாக நடக்கும். இலஞ்சம் வாங்குபவர், எகத்தாளமாகச் சிரிப்பவர், தமிழர் என்றால் இளக்காரமாகப் பார்ப்பவர் என்று ஒரு பக்கம் எழுதினேன். ஷாமிளாவிடம் வாசித்தேன்.

"இல்லீங்க மிஸ். அவரு நல்ல மனுசன். ஒரு நா கூட தவற விடல. காய்ச்சலோட வந்து கையெழுத்துப் போட்டுட்டுப் போனாரு." கொஞ்சம் யோசித்தாள். "அதான் எனக்குக் கஷ்டமா இருக்கு. அவரு வராம இருந்தா, வரலன்னு சொல்லலாம்."

அந்தப் பக்கத்தைக் கிழித்தேன்.

இந்திரகுமாரை எப்படி எழுதுவது என்பதும் பிரச்சினை. அவனை நான் பார்த்தது ஒரு தடவைதான், நீதிமன்ற வாசலில். ஒல்லியான ஆள், சட்டையை நன்றாக அயர்ன் பண்ணியிருந்தான், வயதான ஒருவருக்குப் படியில் கை கொடுத்தான். நான் அதைக் கதையில் போடக் கூடாது என்று நினைத்தேன், பிறகு போட்டுவிட்டேன்.

ஒரு மாலை மழை அடித்துப் பெய்ததாம். (இந்த மழை உண்மையான மழை. மாலையில் பெய்தது, பால் வெட்டு முடிந்த பிறகு.) ஷாமிளாவின் கதவை யாரோ தட்டினார்கள். திறந்தால் இந்திரகுமார். கையில் அந்தப் புத்தகம், துவாயில் சுற்றியிருந்தது.

"அண்ணி, பொத்தகம் நனஞ்சிரும்னு உள்ள எடுத்து வச்சேன்" என்றான். "ஒங்கள்ட்ட சொல்லாம எடுத்தா தப்பாப் போயிரும்ல."

அவள் கதவைப் பாதி சாத்தினாள்.

"பயப்படாதீங்க. ஒங்க பாதுகாப்பு எங்க வீட்டுல பத்தரமா இருக்கு."

அவ்வளவுதான். திரும்பி நடந்து போனான். ஏழு கதவு தாண்டி அவன் காலடிச் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்ததாம். நான் இதை எழுதும்போது மேசையில் வைத்திருந்த தேத்தண்ணி ஆறிப்போயிருந்தது. அவன்மேல் எனக்கு வந்த கோபத்தைவிட வேறொரு ஆள்மேல் வந்த கோபம்தான் அதிகம். அந்த ஆளைப் பற்றித்தான் அடுத்த பகுதி.

அதற்கு முன் நடந்தது ஒன்றைச் சொல்ல வேண்டும். வழக்கின் அடுத்த தவணையில் பொலிஸார் புத்தகத்தை நீதிமன்றத்தில் காட்டினார்கள். ஐம்பத்திரண்டு நாள், ஐம்பத்திரண்டு கையொப்பம், ஒரு நாள் கூடத் தவறவில்லை. பாதுகாப்பு முழுமையாக வழங்கப்படுகிறது என்று வழக்கேட்டில் பதியப்பட்டது. முகவரி பிழை என்று சட்டத்தரணி எழுந்து சொன்னார். அத்தாட்சி கேட்டார்கள். கிராம உத்தியோகத்தரின் கடிதத்தில் கீழ்ப்பிரிவு என்றுதான் இருந்தது. தோட்டக் கந்தோரில் காம்பராவுக்கு இலக்கம் போட்ட ஆவணம் எதுவும் இல்லை என்று சொல்லிவிட்டார்கள். எங்கே தேடினாலும் ஷாமிளாவின் கதவு எந்தக் கடதாசியிலும் இல்லை.

6

மூன்றாம் பகுதியில் ஒரு பொய் இருக்கிறது.

மற்றப் பகுதிகளையும் எழுதி முடித்த பிறகுதான் அதை ஷாமிளாவுக்கு வாசித்துக் காட்டினேன். மழையைத் திருத்தியவள், கான்ஸ்டபிளைத் திருத்தியவள், இதையும் திருத்துவாள் என்று எனக்குத் தெரிந்திருக்க வேண்டும். விலாசம் சொல்லும் இடம் வந்ததும் தலையைத் தூக்கினாள்.

"மிஸ், நான் கடேசி காம்பரான்னு சொன்னேனே."

நான் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தேன்.

"ஆறாம் லயத்துல கடேசி காம்பரா, பலா மரத்துப் பக்கம்னு சொன்னேன். நீங்க எழுதிக்கிட்டீங்க. நான் பாத்தேன்."

"மறந்து போச்சு தங்கச்சி" என்றேன்.

மறக்கவில்லை. நான் முதலில் குறிப்பெடுக்கும் கொப்பி என்னிடம் இருக்கிறது. அதில் என் கையெழுத்திலேயே இருக்கிறது: 'கடைசிக் காம்பரா, பலா மரத்துப் பக்கம்.' படிவத்தில் முகவரிக்கு ஒரு கோடுதான் விட்டிருந்தார்கள். பலா மரத்தைச் சிங்களத்தில் எழுதி அந்தக் கோட்டுக்குள் திணித்தால் முகவரி போலத் தெரியவில்லை, யாரோ வழி சொல்வது போலத் தெரிந்தது. அந்த வருடம்தான் ஒரு கிளாக்கர் எனது வேறொரு கடதாசியை முகவரி தெளிவில்லை என்று திருப்பி அனுப்பியிருந்தார். எனக்கு அது மானப் பிரச்சினை. ஆகவே மரத்தை வெட்டினேன், காம்பராவை வெட்டினேன், லயத்தை இலக்கமாக்கினேன். பிழையில்லாத மொழிபெயர்ப்பாளர் என்று பேர் வாங்கியவள் நான்.

புத்தகம் எந்தக் கதவில் தொங்குகிறது என்று கேள்விப்பட்ட அன்றே எனக்கு விஷயம் விளங்கிவிட்டது. அந்தக் கொப்பியைக் கொண்டுபோய், 'பிழை என்னுடையது' என்று ஒரு சத்தியக் கடதாசி கொடுத்திருந்தால் அத்தாட்சி கிடைத்திருக்கும். கொடுக்கவில்லை. எனக்கு நானே சொல்லிக்கொண்ட நியாயம் இது: ஓரிடத்தில் பிழைவிட்டேன் என்று ஒப்புக்கொண்டால் எதிர்த்தரப்புச் சட்டத்தரணி முழு மொழிபெயர்ப்பையும் சந்தேகிப்பார், அவளுடைய சாட்சியமே கெட்டுப்போகும். நல்ல நியாயம். அதை நம்பிக்கொண்டு இரண்டு மாதம் என்ன செய்தேன் தெரியுமா? இந்தக் கதையை எழுதினேன். முப்பது பக்கம். மழை வைத்து, மழை எடுத்து, கான்ஸ்டபிளைக் கெட்டவராக்கி, நல்லவராக்கி. அந்த இரண்டு மாதமும் அவள் மரத்துக்கு மரம் சிரட்டையை நிமிர்த்திக்கொண்டிருந்தாள்.

ஷாமிளா கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் எனக்கு இலேசாக இருந்திருக்கும்.

"இந்தக் கதைய எழுதுற மாதிரியே அதையும் எழுதிக் குடுக்கலாம்தானே மிஸ்" என்றாள். "அது ஒரு பக்கந்தான வரும்."

போட்டோ கொப்பி மெஷினுக்குப் பக்கத்தில் நின்ற நானா எங்களைப் பார்க்காமலே சொன்னார்: "புள்ள, இதுக்கு ஸ்டாம்ப் அடி."

7

ஒரு பக்கம்கூட வரவில்லை. பதினொரு வரி. இருபத்தொரு வருடம் அடுத்தவர்களின் 'நான்' என்பதை மொழிபெயர்த்த எனக்கு, என்னுடைய 'நான்' என்று அந்தப் படிவத்தில் எழுதக் கை வரவில்லை. [இந்த வாக்கியம் அழகாக இருக்கிறது, அதனால் நம்ப முடியவில்லை. உண்மை இதுதான்: எனக்கு வெட்கமாக இருந்தது.]

தவணையன்று சாட்சிக் கூண்டில் நின்றேன். நான் பயந்த கேள்வியையே எதிர்த்தரப்புச் சட்டத்தரணி கேட்டார்.

"இன்னும் எத்தனை இடத்தில் இப்படி விட்டிருக்கிறீர்கள்?"

"வேறெங்கும் இல்லை."

"எப்படி நம்புவது?"

கொப்பியை நீட்டினேன். நீதவான் வாங்கி, பக்கம் பக்கமாக ஒப்பிட்டுப் பார்க்கும்படி நீதிமன்ற மொழிபெயர்ப்பாளரிடம் கொடுத்தார். அவர் அரை மணித்தியாலம் எடுத்தார். அந்த அரை மணித்தியாலத்தில் என் பேரும் போகலாம், ஷாமிளாவின் சாட்சியமும் போகலாம். வேறு வித்தியாசம் இல்லை என்று அவர் சொன்னார்.

நீதவான் கேட்டார், கடைசிக் காம்பரா என்றால் எந்தப் பக்கத்திலிருந்து கடைசி?

நான் வாயைத் திறப்பதற்கு முன்னால் ஷாமிளா எழுந்து நின்று சிங்களத்தில் சொன்னாள். ஆறு என்று எழுதிய சுவரிலிருந்து எட்டாவது கதவு, பலா மரத்துப் பக்கம். நீதவான் அப்படியே எழுதினார். மரத்தையும் எழுதினார். அங்கே எனக்கு வேலை இருக்கவில்லை.

அன்று மாலை வயதான கான்ஸ்டபிள் சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். முதல் கதவிலிருந்து புத்தகத்தைக் கழற்றிக்கொண்டு வாசல் வரிசை முழுக்க நடந்து வந்தார். அவள் கதவில் ஆணி இல்லை. ஷாமிளா உள்ளேயிருந்து ஒரு ஆணியைத் தேடி எடுத்து வந்து கல்லால் அடித்தாள். அடித்து முடியும்வரை அவர் புத்தகத்தைப் பிடித்துக்கொண்டு நின்றார். பிறகு பிளேன்டீ குடித்தார்.

ஐந்து நாள் ஒரு சிரட்டையும் கவிழவில்லை. ஆறாம் நாள் ஒன்று கவிழ்ந்தது.

8

அவள் சாட்சி சொல்ல வேண்டிய தவணை அடுத்த மாதம் பதினெட்டாம் திகதி. கதை அதுவரை காத்திருக்குமா? பத்திரிகைக்காரர் கேட்டுக்கொண்டிருக்கிறார். ஆகவே மூன்று முடிவு எழுதி வைத்து ஷாமிளாவைக் கூப்பிட்டேன்.

முதலாம் முடிவு. பதினெட்டாம் திகதி ஷாமிளா கூண்டில் ஏறுகிறாள். மூன்று தடவை அடித்தான் என்கிறாள். ஒரு கண்ணோடு கஜேந்திரன் கங்காணி பின் வாங்கில் உட்கார்ந்து கேட்கிறார். அவருக்கு அந்தக் காலை திரும்பக் கிடைக்கிறது.

"நல்லா இருக்கு" என்றாள். "ஆனா நான் இன்னும் சொல்லலியே மிஸ். நீங்க எழுதிட்டா, எல்லாரும் முடிஞ்சு போச்சுன்னு நெனச்சுக்குவாங்க. அப்புறம் அன்னைக்கு என்கூட யாரு வருவா?"

இரண்டாம் முடிவு. சுமன் கொழும்பிலிருந்து வருகிறார். நமக்கெதற்கு வம்பு என்கிறார். அவள் பெட்டியைக் கட்டிக்கொண்டு அவரோடு பஸ் ஏறுகிறாள். அவிசாவளையில் பஸ் மாறும்போது ஒரு தடவை திரும்பிப் பார்க்கிறாள். இங்கே லயத்தில் பூட்டிய கதவில் புத்தகம் தொங்குகிறது, கான்ஸ்டபிள் தினமும் கையொப்பம் வைத்துவிட்டுப் போகிறார். கலை என்று பார்த்தால் மூன்றில் இதுதான் சிறந்தது. எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

வாசித்து முடித்தேன். அவள் வெளியே பார்த்தாள். நீதிமன்ற வாசலில் ஆட்கள் தவணைக்காகக் காத்து நின்றார்கள்.

"அவுரு அப்படித்தான் சொல்றாரு. போன தடவையும் சொன்னாரு." பிறகு என் பக்கம் திரும்பினாள். "இத எழுதாதீங்க மிஸ். எழுதி வச்சிட்டீங்கன்னா எனக்கு அது லேசாத் தெரியும்."

மூன்றாம் முடிவு, லயத்தில் இலக்கம் எழுதுகிறார்களாம் என்று கேள்விப்பட்டதை வைத்து எழுதியது. கோயிலுக்கு அடித்து மிஞ்சிய பெயின்டை எடுத்து, லயத்து ஆட்கள் எல்லாரும் தங்கள் கதவுகளில் தாங்களே இலக்கம் எழுதுகிறார்கள். எட்டுக் கதவிலும் எட்டு இலக்கம். யாருக்கும் இனி முகவரி இல்லாமல் இல்லை.

இதற்குத்தான் அவள் சிரித்தாள்.

"எல்லாரும் எழுதல மிஸ். மூணு பேருதான். நான், நாலாம் காம்பரா ஆளுங்க, அப்புறம்..." நிறுத்தினாள். "அப்புறம் கருப்பாயி அக்கா."

"அவன்ட அம்மாவா?"

"ஆமாங்க. அவன் இல்லாத நேரம் வந்து பெயின்ட் கேட்டாங்க. ஒண்ணுன்னு எழுதிக்கிட்டாங்க. இனிமே எவனும் ஒங்க வீடுன்னு நெனச்சு எங்க கதவத் தட்டக் கூடாதுன்னாங்க. வேற ஒண்ணும் பேசல." அவள் சேலைத் தலைப்பைச் சரிசெய்துகொண்டாள். "போறப்ப என் கையப் புடிச்சிட்டுப் போனாங்க."

இதற்கு என்ன அர்த்தம் என்று எனக்குத் தெரியாது. ஷாமிளாவுக்கும் தெரியாது. நான் கேட்டேன், அவள் தோளைக் குலுக்கினாள்.

9

மூன்று முடிவையும் எடுத்துவிட்டேன். 'கலை' என்று நான் பெருமைப்பட்ட அந்த இரண்டாவதை எடுப்பதுதான் கஷ்டமாக இருந்தது, மனசாரச் சொல்கிறேன்.

"அப்ப கதைய எப்படி முடிக்கிற தங்கச்சி?" என்று கேட்டேன்.

"முடிக்காதீங்க. முடிவுக்குப் பதிலா என் விலாசத்த ஒழுங்கா எழுதிருங்க. இந்தத் தடவ ஒண்ணையும் விடாம. தோட்டத்துப் பேரு வேணாம்."

எழுதுகிறேன். கோடு போதாவிட்டாலும் பரவாயில்லை.

தெஹியோவிட்டச் சந்தியில் இறங்கி முச்சக்கர வண்டி பிடித்தால் ரப்பர்ப் பால் சேர்க்கும் ஸ்டோர்வரை கொண்டுபோய் விடுவார்கள். அதற்கு மேலே நடைதான். பீலியைத் தாண்டினால் லயம் தெரியும், தலைச் சுவரில் கறுப்பில் ஆறு என்று எழுதியிருக்கும். அது வீட்டு இலக்கம் அல்ல. அங்கே வெள்ளையில் ஒன்று என்று எழுதிய கதவிலிருந்து ஒரு வயதான மனுசி தேத்தண்ணி குடிக்கச் சொல்லிக் கூப்பிட்டால், குடியுங்கள், ஆனால் அங்கேயே உட்கார்ந்துவிடாதீர்கள். நடங்கள். நாலாவது கதவிலும் கடைசிக் கதவிலும் இலக்கம் இருக்கும், நடுவில் மற்றதில் இருக்காது, நீங்களாக எண்ண வேண்டும். பலா மரத்தின் நிழல் விழும் கதவு எட்டாவது. வலப் பக்கத்து ஆணியில் பிளாஸ்டிக் உறைக்குள் புத்தகம் இருக்கும்.

பதினெட்டாம் திகதிக்கு இன்னும் நாள் இருக்கிறது. மாலை ஆறு மணிக்குக் கான்ஸ்டபிள் வந்து போவார். மற்ற நேரங்களுக்குப் புத்தகத்தில் நிறைய இடம் மிச்சமிருக்கிறது. நான் போன ஞாயிறு போய் என் பேரை எழுதிவிட்டு வந்தேன். திகதி, நேரம், கையொப்பம். பேனை நீங்கள்தான் கொண்டுபோக வேண்டும்.